திசையுள்ள ஒலி யார் கையில்?

பழைய கணினி விளையாட்டு ஒன்றைப் புதிய விண்டோஸில் நிறுவித் திறந்தால், “ஓப்பன்ஏஎல்32.டிஎல்எல் காணவில்லை” என்றோ “எக்ஸ்ஆடியோ2_7.டிஎல்எல் இல்லை” என்றோ ஒரு பெட்டி வந்து நிற்பது பலருக்கும் பழக்கம். உடனே அந்தப் பெயரை இணையத்தில் தேடுவார்கள். ஏதோ ஒரு தளத்திலிருந்து கோப்பை இறக்கி, விளையாட்டு இருக்கும் ஃபோல்டரில் போடுவார்கள். ஒலி வந்துவிடும். சில வேளை அதனுடன் வைரஸும் வரும். எக்ஸ்ஆடியோ2_7 என்பது மைக்ரோசாஃப்ட் 2010 ஜூனில் வெளியிட்ட டைரக்ட்எக்ஸ் தொகுப்பில் இருக்கும் கோப்பு. அந்தத் தொகுப்பை மைக்ரோசாஃப்டிடமிருந்தே இறக்கி நிறுவினால் வேலை முடிந்தது. விண்டோஸ் 8இல் எண் 8 ஆகவும் விண்டோஸ் 10இல் 9 ஆகவும் மாறியதால் பழைய 7 தானாக வருவதில்லை, அவ்வளவே.

காணாமல் போகும்போது மட்டுமே பெயர் தெரியவரும் இந்த லைப்ரரி கோப்புகள்தான் கணினியில் நாம் கேட்பதில் பெரும்பகுதியைத் தீர்மானிக்கின்றன. விளையாட்டை எழுதுபவர், “இந்தச் சத்தம் கேட்பவருக்கு வலப்பக்கம் நான்கு மீட்டர் தள்ளி, சற்றே பின்னால் இருக்கிறது” என்று மட்டும் சொல்கிறார். அதை இரண்டு காதுகளுக்கான இரண்டு அலைகளாக்குவது லைப்ரரியின் பொறுப்பு. கணினி ஒலி பற்றிப் பேசும்போது ஒரு தரப்பு 24 பிட், 192 கிலோஹெர்ட்ஸ் என்று எண்களை அடுக்கும். இன்னொரு தரப்பு 7.1, அட்மாஸ் என்று திசைகளை எண்ணும். இரண்டு தரப்பும் இந்த அடுக்கைக் கண்டுகொள்வதில்லை. ஆனால் கடந்த முப்பது ஆண்டு வரலாற்றைப் புரட்டினால், திசையுள்ள ஒலி நம் ஹெட்போனுக்கு வர இத்தனை காலம் பிடித்ததற்குக் கணிதம் தெரியாதது காரணமில்லை, அந்தக் கோப்பு யார் கையில் இருந்தது என்பதே காரணம் என்றுதான் எனக்குப் படுகிறது.

கணிதத்தின் அடிப்படை நூறாண்டுக்கும் மேல் பழையது. வலப்பக்கத்து ஒலி வலக்காதை முதலில் தொடுகிறது. இடக்காதுக்கு அது சற்றுப் பிந்தியும், தலை நடுவில் மறைப்பதால் சற்று மங்கியும் போய்ச் சேர்கிறது. 1907இல் ராலே பிரபு இதை ஒரு கோட்பாடாகவே எழுதிவைத்தார்: தாழ்ந்த அதிர்வெண்களில் நேர வேறுபாட்டை வைத்தும், உயர்ந்தவற்றில் அளவு வேறுபாட்டை வைத்தும் திசையை அறிகிறோம். இரண்டுக்கும் நடுவே எல்லை ஏறத்தாழ 1,500 ஹெர்ட்ஸ். சரி, நேர் முன்னால் ஒலிப்பதும் நேர் பின்னால் ஒலிப்பதும்? இரண்டும் இரு காதுகளையும் ஒரே நேரத்தில், ஒரே அளவில் அடைகின்றன. மேலே கீழே என்பதிலும் இதே சிக்கல். அங்கேதான் காது மடலின் மடிப்புகள் வேலை செய்கின்றன. எந்தக் கோணத்திலிருந்து வருகிறது என்பதைப் பொறுத்து, உயர் அதிர்வெண்களில் சிலவற்றை அவை விழுங்கும், சிலவற்றைத் தூக்கிக் கொடுக்கும். தலை, தோள், மடல் எல்லாம் சேர்ந்து ஒவ்வொரு திசை ஒலிக்கும் செய்யும் இந்த மாற்றத்தை அளந்து எழுதிவைப்பதைத்தான் எச்.ஆர்.டி.எஃப். என்கிறார்கள்.

அளப்பது எப்படி? 1994இல் அமெரிக்காவின் எம்.ஐ.டி. ஊடக ஆய்வகத்தில் பில் கார்ட்னரும் கீத் மார்ட்டினும் கெமார் என்ற பொம்மையை எதிரொலி இல்லாத அறையில் நிறுத்தினார்கள். காதுக்குள் மைக் பொருத்திய, தலையும் மார்பும் கொண்ட பொம்மை அது. 1.4 மீட்டர் தள்ளி ஒலிபெருக்கி வைத்து, காது மட்டத்துக்கு 40 டிகிரி கீழிருந்து உச்சந்தலைக்கு நேர்மேல் வரை 710 இடங்களிலிருந்து ஒலி எழுப்பிப் பதிவு செய்தார்கள். அந்தத் தரவை யார் வேண்டுமானாலும் எடுத்துக்கொள்ளலாம் என்று பொதுவில் வைத்துவிட்டார்கள். ஆயிரம் ஆராய்ச்சிக் கட்டுரைகளைவிட அந்தத் தாராளம் இந்தத் துறைக்குப் பெரிய உதவி. 2001இல் கலிஃபோர்னியாவின் டேவிஸ் பல்கலைக்கழகம் 45 தலைகளை, ஒவ்வொன்றுக்கும் 1,250 திசைகளில், அளந்து வெளியிட்டது.

இந்தத் தரவைக் கொண்டு லைப்ரரி உள்ளே செய்வதைக் கொஞ்சம் கிட்டத்தில் பார்க்கலாம். வலப்பக்கம் 30 டிகிரியில் ஒரு பறவை கூவுகிறது என்று வையுங்கள். சராசரித் தலையின் ஆரம் 8.75 சென்டிமீட்டர் என்று கொண்டால், இடக்காதுக்கு ஒலி சுமார் 0.26 மில்லிவினாடி பிந்தி வரவேண்டும். சிடி தரமான 44.1 கிலோஹெர்ட்ஸில் அது பதினொன்றரை சாம்பிள். பிறகு அந்தத் திசைக்கான மடலின் முத்திரையை ஏற்ற வேண்டும். முத்திரையில் ஒரு காதுக்கு 256 எண்கள் இருந்தால், ஒவ்வொரு சாம்பிளுக்கும் 256 பெருக்கல், 256 கூட்டல். இரண்டு காது, வினாடிக்கு 44,100 சாம்பிள் என்று கணக்குப் போட்டால் ஒரே ஒரு பறவைக்கு வினாடிக்கு 2 கோடியே 25 லட்சம் பெருக்கல்கள். 32 ஒலிகள் ஒன்றாகக் கேட்டால் 72 கோடி. 1998இன் 400 மெகாஹெர்ட்ஸ் பென்டியம் இதைச் சுமந்துகொண்டு விளையாட்டையும் ஓட்ட வழியே இல்லை. ஆகவே தனிச் சிப் தேவைப்பட்டது. இன்றைய சாதாரணப் பிராசசரின் ஒரு கோர், இந்த வேலையைக் கண்டுகொள்ளாமலேயே முடித்துவிடும்.

பதினொன்றரை சாம்பிள் என்றேனே, அந்த அரை சாம்பிளில்தான் ‘தரம்’ என்ற விஷயம் உட்கார்ந்திருக்கிறது. பதினொன்றுக்கும் பன்னிரண்டுக்கும் நடுவில் தரவு கிடையாது. அலை அங்கே என்னவாக இருந்திருக்கும் என்று கணித்தாக வேண்டும். பறவை பறக்கத் தொடங்கினால் தாமதம் நொடிக்கு நொடி மாறும், கணிப்பும் ஓயாமல் நடக்கும். இரண்டு புள்ளிகளை நேர்கோட்டால் இணைத்தால் செலவு குறைவு. ஆனால் உயர் சுரங்கள் மழுங்கும், மூலத்தில் இல்லாத கீச்சு சேரும். பக்கத்துப் பல சாம்பிள்களைச் சேர்த்துக் கணித்தால் சுத்தமாக வரும். 44.1 கிலோஹெர்ட்ஸ் பாட்டை 48 கிலோஹெர்ட்ஸில் ஓடும் கார்டில் ஒலிக்கச் செய்வதும் இதே கணக்குதான். விகிதம் 147க்கு 160 என்பதால் எளிதில் வகுபடுவதும் இல்லை. திசையும் தரமும் வெவ்வேறு துறைகள் என்ற எண்ணம் இந்த இடத்தில் உடைந்துவிடுகிறது.

கிரியேட்டிவ் நிறுவனத்தின் புகழ்பெற்ற சவுண்ட் பிளாஸ்டர் லைவ் கார்டு உள்ளே 48 கிலோஹெர்ட்ஸில் மட்டுமே வேலை செய்தது. சிடி பாட்டு எதைப் போட்டாலும் மாற்றித்தான் தரும்; அந்த மாற்றத்தில் சேரும் சிதைவை ஒலி ஆர்வலர்கள் அளந்து காட்டியிருக்கிறார்கள். அதே வேலையை நன்றாகச் செய்ய எரிக் டி காஸ்ட்ரோ லோபோ எழுதிய லிப்சாம்பிள்ரேட், சாக்ஸ் கருவியிலிருந்து பிறந்த சாக்ஸ்ஆர் போன்ற திறந்த லைப்ரரிகள் வந்தன. இன்று பல இசை மென்பொருள்களுக்குள் ஓடுவது இவற்றில் ஒன்றுதான். பயன்படுத்துபவருக்கு அவற்றின் பெயர்கூடத் தெரியாது.

192 கிலோஹெர்ட்ஸ் விவகாரத்தையும் இங்கேயே முடித்துவிடலாம். 44.1 கிலோஹெர்ட்ஸில் 22.05 கிலோஹெர்ட்ஸ் வரையான ஒலியை முழுமையாகப் பிடிக்கலாம். இளங்காதே 20 கிலோஹெர்ட்ஸோடு நின்றுவிடும். 2007இல் மேயரும் மோரனும் நடத்திய சோதனையில், உயர்தரப் பதிவுக்கும் அதையே சிடி தரத்துக்கு இறக்கியதற்கும் வேறுபாடு கண்டுபிடிக்கச் சொன்னார்கள். 554 முயற்சிகளில் சரியான விடை 276. காசைச் சுண்டிவிட்டிருந்தாலும் அதுதான் கிடைத்திருக்கும். 2016இல் ஜோஷுவா ரைஸ் 18 சோதனைகளைத் தொகுத்துப் பார்த்துச் சரியான விடை 52.3 சதவீதம் என்றார். பயிற்சி பெற்றவர்களிடம் அது கூடுதல் என்றும் சொன்னார். வேறுபாடு சுத்தமாக இல்லை என்று அடித்துச் சொல்ல முடியாது என்பது உண்மைதான். ஆனால் அந்த இரண்டு சொச்சம் சதவீதத்துக்காகச் செலவழிக்கும் பணத்தையும் வாதச் சக்தியையும் திசைக்குச் செலவழித்திருந்தால், முன்னா பின்னா என்று தெரியாமல் திரும்பிப் பார்க்கும் பாடு குறைந்திருக்கும். 24 பிட்டின் நிலை வேறு. பதிவு செய்யும்போதும் கலக்கும்போதும் அது கட்டாயம் வேண்டும். கேட்கும்போது 16 பிட்டின் 96 டெசிபலே தாராளம்.

இனி அந்தக் கோப்பு யார் கையில் இருந்தது என்ற கதைக்கு வருவோம். 1980களின் பிற்பகுதியில், நாசாவின் ஏம்ஸ் மையத்துக்காக ஸ்காட் ஃபாஸ்டரின் கிரிஸ்டல் ரிவர் நிறுவனம் கன்வால்வோட்ரான் என்ற கருவியைக் கட்டியது. விமானிக்கும் விண்வெளி வீரருக்கும் எச்சரிக்கை ஒலி எந்தப் பக்கத்திலிருந்து வருகிறது என்று காது காட்டிக்கொடுக்க வேண்டும் என்பது நோக்கம். எலிசபெத் வென்செல் அந்த ஆய்வின் முக்கிய முகம். பிறகு கிரிஸ்டல் ரிவர், ஆரியல் நிறுவனத்தோடு சேர்ந்தது. 1997இல் ஆரியலின் வோர்டெக்ஸ் சிப்பும் அதன் ஏ3டி லைப்ரரியும் வந்தன. அடுத்த ஆண்டு வந்த ஏ3டி 2.0, விளையாட்டின் சுவர்களையே வாங்கிக்கொண்டு, ஒலி எந்தச் சுவரில் பட்டுத் திரும்பும் என்று கணக்கிட்டது. ஹாஃப்-லைஃப் விளையாட்டை அதில் கேட்டவர்கள் இன்றும் விடாமல் புகழ்வார்கள்.

சிங்கப்பூரின் கிரியேட்டிவ் அதே 1998இல் ஈஏஎக்ஸ் கொண்டுவந்தது. அது சுவர்களைக் கணக்கிடவில்லை. குகை, குளியலறை, மண்டபம் என்று ஆயத்த எதிரொலிகளை அடுக்கி வைத்திருந்தது. ஏ3டியோடு ஒப்பிட்டால் எளிமையான வழிதான். ஆனால் விளையாட்டு வடிவமைப்பாளருக்கு அது வசதி. மண்டபத்துக்குள் நுழைந்ததும் மண்டப எதிரொலியைப் போட்டுவிட்டால் போதும். ஏ3டி தோற்றதற்கு வழக்கு மட்டுமே காரணம் என்று அதன் ரசிகர்கள் சொல்வதை நான் முழுக்க ஏற்கமாட்டேன். என்றாலும் வழக்குதான் கழுத்தை நெரித்தது. 1998இல் கிரியேட்டிவ் காப்புரிமை வழக்குப் போட்டது. 1999 டிசம்பரில் ஆரியல் ஜெயித்தது. ஜெயித்த கையோடு, 2000 ஏப்ரலில் திவாலானது. வழக்குச் செலவு அதை அந்த நிலைக்குக் கொண்டுவந்திருந்தது. வழக்கில் தோற்ற கிரியேட்டிவே அதே ஆண்டு செப்டம்பரில் 3.2 கோடி டாலருக்கு ஆரியலின் சொத்துகளை வாங்கியது. ஏ3டி அத்தோடு அலமாரிக்குள் போனது.

காப்புரிமை எவ்வளவு தூரம் பாயும் என்பதற்கு டூம் 3 என்ற விளையாட்டு இன்னொரு சாட்சி. அதில் அதன் நிரலாளர் ஜான் கார்மாக் பயன்படுத்திய நிழல் வரையும் உத்திக்கு கிரியேட்டிவ் கையில் காப்புரிமை இருந்தது. 2004இல் இருவரும் உடன்பாட்டுக்கு வந்தார்கள்: நிழலுக்கு அனுமதி உண்டு, பதிலுக்கு விளையாட்டில் ஈஏஎக்ஸ் ஆதரவு வேண்டும். ஒலி லைப்ரரி ஒன்று, ஒளி உத்தியைப் பிணையாக வைத்து உள்ளே நுழைந்தது!

இடையில் இன்னொரு முயற்சி. விண்டோஸ் விளையாட்டுகளை லினக்ஸுக்குக் கொண்டுவந்த லோக்கி என்ற சிறு நிறுவனம், படத்துக்கு ஓப்பன்ஜிஎல் இருப்பதுபோல் ஒலிக்கும் பொதுவான ஒன்று வேண்டும் என்று கிரியேட்டிவோடு சேர்ந்து 2000இல் ஓப்பன்ஏஎல்லைத் தொடங்கியது. அதன் அமைப்பு அழகானது. கேட்பவர் ஒருவர், ஒலி மூலங்கள் பல, ஒலித் தரவு கொண்ட பஃபர்கள் என மூன்றே பொருள்கள். 2002 தொடக்கத்தில் லோக்கி மூடப்பட்டது. பொறுப்பு கிரியேட்டிவிடம் போனது. 2005இல் 1.1 பதிப்பு வந்தது. அதன்பின் கிரியேட்டிவ் தன் பதிப்பைத் திறந்த நிரலாகத் தொடரவில்லை. ‘ஓப்பன்’ என்ற பெயர் மட்டும் மிஞ்சியது.

2007 ஜனவரியில் விண்டோஸ் விஸ்டா வந்தது. அதுவரை மைக்ரோசாஃப்டின் டைரக்ட்சவுண்ட்3டி வழியாக விளையாட்டுகள் நேரே சவுண்ட் கார்டின் சிப்போடு பேசின. விஸ்டாவில் அந்தப் பாதையை எடுத்துவிட்டார்கள். தரமற்ற ஒலி டிரைவர்கள் கணினியையே கவிழ்த்துக்கொண்டிருந்ததால், ஒலிக் கலவை முழுவதையும் இயங்குதளத்தின் மையத்திலிருந்து வெளியே, மென்பொருளிடம் ஒப்படைத்தது மைக்ரோசாஃப்ட். பொறியியலாகப் பார்த்தால் அது சரியான முடிவு என்றே சொல்வேன். ஆனால் மாற்று ஏற்பாடு இல்லாமல் செய்தார்கள். ஒரே நாளில் நூற்றுக்கணக்கான விளையாட்டுகள் வெறும் ஸ்டீரியோவாகச் சுருங்கின. எதிரொலி போனது, பின்பக்கம் போனது. கிரியேட்டிவ் தன் கார்டு வைத்திருப்பவர்களுக்கு மட்டும் ஆல்கெமி என்ற மாற்றுவழி தந்தது. மற்றவர்கள் கைவிடப்பட்டார்கள். அடுத்து 2008இல் வந்த எக்ஸ்ஆடியோ2வோடு பயன்படுத்த எக்ஸ்3டிஆடியோ என்ற துணை லைப்ரரி இருந்தது. அது ஒலிபெருக்கிகளுக்கு இடையே ஒலியைப் பங்கிடும். ஹெட்போனுக்குள் மேல் கீழ் காட்டும் வேலை அதனிடம் இல்லை.

மீட்சி ஒரு பெருநிறுவனத்திடமிருந்து வரவில்லை. கிறிஸ் ராபின்சன் என்ற நிரலாளர், ஓப்பன்ஏஎல்லின் திறந்த பகுதியிலிருந்து கிளைத்து ஓப்பன்ஏஎல் சாஃப்ட்டை உருவாக்கினார். சிப் எதுவும் வேண்டாம், பிராசசரே போதும். எச்.ஆர்.டி.எஃப். கணக்கு அதில் உள்ளேயே இருக்கிறது. விண்டோஸில் அல்சாஃப்ட்.ஐஎன்ஐ என்ற சிறு அமைப்புக் கோப்பில் ஒரு வரியை மாற்றினால் ஹெட்போன் ஒலி தலைக்கு வெளியே விரியும். இன்னொரு வரியில் சாம்பிள்களுக்கு நடுவிலான கணிப்பை நேர்கோட்டு முறையில் செய்வதா, பல சாம்பிள் சேர்த்துச் செய்வதா என்று தேர்ந்துகொள்ளலாம். திசையும் தரமும் ஒரே கோப்பில் வெவ்வேறு வரிகளாக இருப்பதை அதில் கண்ணாலேயே பார்க்கலாம். ராபின்சனே எழுதிய டிசோல் இன்னும் சுவாரஸ்யம். டிசவுண்ட்.டிஎல்எல் என்று மைக்ரோசாஃப்ட் கோப்பின் பெயரையே வைத்துக்கொண்டு விளையாட்டின் ஃபோல்டரில் போய் உட்காரும். விளையாட்டு அதைப் பழைய சவுண்ட் கார்டு என்று நம்பி டைரக்ட்சவுண்ட்3டி, ஈஏஎக்ஸ் கட்டளைகளைக் கொடுக்கும். விஸ்டா பறித்ததை இந்த வேடதாரி திருப்பிக் கொடுத்தது. மைன்கிராஃப்ட் 2022இல் தன் 1.19 பதிப்பில் ‘திசை ஒலி’ என்று ஒரு பொத்தானைச் சேர்த்தபோது அதன் பின்னால் இருந்ததும் ஓப்பன்ஏஎல் சாஃப்ட்தான்.

பெரிய நிறுவனங்களும் பிறகு விழித்துக்கொண்டன. வால்வ் 2017இல் இம்பல்சானிக் நிறுவனத்தை வாங்கி ஸ்டீம் ஆடியோவை இலவசமாக வெளியிட்டது. சுவர்களைக் கணக்கிடும் ஏ3டியின் பழைய கனவு அதில் திரும்பி வந்தது. 2024இல் அதன் மூல நிரலும் திறக்கப்பட்டது. கூகுள் தன் ரெசனன்ஸ் ஆடியோவை 2017இல் அறிவித்து அடுத்த ஆண்டு திறந்தது. ரெசனன்ஸின் அடித்தளம் ஆம்பிசானிக்ஸ். 1970களின் தொடக்கத்தில் ஆக்ஸ்ஃபோர்டின் மைக்கேல் கெர்சன் உருவாக்கிய முறை அது. ஒலிபெருக்கி எங்கே இருக்கிறது என்று பார்க்காமல், ஒரு புள்ளியைச் சுற்றியுள்ள ஒலி முழுவதையும் எழுதிவைக்கும். முதல் படிக்கு 4 சேனல், மூன்றாம் படிக்கு 16. படி ஏற ஏறத் திசை கூர்மையாகும். மூலங்கள் பத்தோ ஐந்நூறோ, கடைசிக் கட்டச் செலவு மாறாது என்பதால் செல்போனுக்கு ஏற்றது. முதல் படியின் திசை மங்கல்தான்; 2016இல் யூடியூப் அந்த முதல் படியோடு தொடங்கியதால், பலர் இந்த முறையே இவ்வளவுதான் என்று முடிவுகட்டிவிட்டார்கள்.

திரையரங்கின் வழி வேறு. 2012இல் ‘பிரேவ்’ படத்தோடு வந்த டால்பி அட்மாஸ், அந்த ஆண்டு டிசம்பரிலேயே ‘சிவாஜி 3டி’ வழியாகத் தமிழ்ப் படத்துக்கும் வந்துவிட்டது. அதில் கலவைப் பொறியாளர் ஒலியின் பாதையை முன்கூட்டியே வரைந்துவிடுகிறார். பார்ப்பவர் நாற்காலியை விட்டு நகர்வதில்லை. விளையாட்டிலோ கேட்பவர் எந்த நொடி எந்தப் பக்கம் திரும்புவார் என்று யாருக்கும் தெரியாது. பார்வையற்றோர் தெருவில் நடப்பதும் அப்படித்தான். அவர்களுக்காக மைக்ரோசாஃப்ட் 2018இல் வெளியிட்ட சவுண்ட்ஸ்கேப் செயலி, போக வேண்டிய இடம் இருக்கும் திசையிலிருந்தே ஹெட்போனில் ஒலி எழுப்பியது. 2023இல் மைக்ரோசாஃப்ட் அதை நிறுத்தியது. நல்லவேளை, மூல நிரலைப் பொதுவில் விட்டுவிட்டுப் போனதால் பிறர் அதிலிருந்து புதிய செயலிகளை உருவாக்கித் தொடர்கிறார்கள்.

வேகம், விலை, உரிமம் எல்லாம் ஓரளவு தீர்ந்த பிறகும் மீதமிருப்பது காது. கெமார் பொம்மையின் மடல் உங்கள் மடல் இல்லை. 1989இல் வைட்மனும் கிஸ்ட்லரும், ஒருவரது சொந்தக் காதை அளந்து ஹெட்போனில் கேட்கச் செய்தால் உண்மையான ஒலிபெருக்கிக்கு மிக நெருக்கமாகத் திசை சொல்கிறார் என்று காட்டினார்கள். 1993இல் அவர்களோடு வென்செல் சேர்ந்து, 16 பேருக்குப் பிறர் காதைக் கொடுத்துப் பார்த்தார். இடம் வலம் தப்பவில்லை. முன் பின், மேல் கீழ்க் குழப்பம் கூடியது. விளையாட்டில் எச்.ஆர்.டி.எஃப். போட்டுவிட்டு “எனக்கு ஒன்றும் தெரியவில்லை, சத்தம் டப்பாவுக்குள் இருப்பதுபோல் இருக்கிறது” என்று அணைத்துவிடுபவர்கள் பொய் சொல்லவில்லை. அவர்கள் காதும் லைப்ரரிக்குள் இருக்கும் காதும் பொருந்தவில்லை.

காது பழகிக்கொள்ளாதா என்றால், பழகும். 1998இல் நெதர்லாந்தில் ஹாஃப்மன், வான் ஓப்ஸ்டால் குழுவினர் நான்கு பேரின் மடல்களுக்குள் அச்சு பொருத்தி வடிவத்தை மாற்றினார்கள். முதலில் மேல் கீழ் அறவே தெரியவில்லை. சில வாரங்களில் புதிய மடலோடு கேட்கப் பழகினார்கள். அச்சை எடுத்ததும் பழைய காது எந்தத் தடுமாற்றமும் இல்லாமல் வேலை செய்தது. ஆனால் விளையாட்டு வாங்குபவரிடம் சில வாரம் பொறுங்கள் என்று யார் சொல்வது? 2020இல் வந்த பிளேஸ்டேஷன் 5, ஐந்து ஆயத்தக் காதுகளைக் கொடுத்துப் பிடித்ததைத் தேர்ந்துகொள்ளச் சொன்னது. சோனி தன் 360 இசைக்குக் காதுப் படத்தைக் கேட்டது. ஆப்பிள் 2022இல் ஐபோன் கேமராவால் முகத்தையும் காதுகளையும் படமெடுத்துத் தனி அளவு தயாரிக்கத் தொடங்கியது.

அந்த அளவை ஒரு சாதனத்திலிருந்து இன்னொன்றுக்கு எடுத்துச் செல்லப் பொதுவான வடிவம் இல்லாமல் இல்லை. சோஃபா என்ற கோப்பு வடிவத்தை ஒலிப் பொறியியல் சங்கம் 2015இல் ஏஇஎஸ்69 என்ற தரநிலையாக்கியது; லிப்மைசோஃபா என்ற திறந்த லைப்ரரி அதைப் படிக்கிறது; லினக்ஸின் பைப்வயர், ஓப்பன்ஏஎல் சாஃப்ட்டின் துணைக் கருவி எல்லாம் அதை ஏற்கின்றன. ஆய்வகத்தில் தன் காதை அளந்துகொண்ட ஒருவர், இன்றைக்கே அந்தக் கோப்பைத் தன் கணினியில் போட்டு விளையாடலாம். கோடிக்கணக்கான பேருக்கு அளவெடுத்துத் தரும் ஐபோனின் காதுக் கணக்கோ ஆப்பிள் சாதனங்களுக்குள்ளேயே சுற்றுகிறது. சோனியுடையது சோனியின் ஏற்பாட்டுக்குள். தன் காதின் அளவைத் தானே ஒரு கோப்பாக வாங்கிக்கொள்ளும் வசதியை இவர்கள் தருவார்களா, அல்லது அதற்கும் ஒரு கிறிஸ் ராபின்சன் வரவேண்டுமா என்பதுதான் அடுத்த கேள்வி.